பிலிம் இல்லாத கேமரா

அவருடைய கேமராவில் பாதி நாள் பிலிமே இருக்காது. இது அவருக்கும் எனக்கும் மட்டும் தெரிந்த விஷயம். தெருவே திரண்டு, படக்காரர் நம்மைத்தான் பிடிக்கிறார் என்று முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு நிற்கும். அவரும் ஒரு கண்ணை இடுக்கிக்கொண்டு, பக்கவாட்டில் இருக்கும் சாவியைத் திருகித் திருகி, கர்ரென்று ஓட்டிக்கொண்டே இருப்பார். உள்ளே ஒன்றும் இருக்காது. முதல் இரண்டு நாள் இப்படியே போகும். மூன்றாம் நாள் ஜனங்களுக்கு அலுத்துவிடும். முகம் துடைக்க மாட்டார்கள். சண்டை போட வேண்டியிருந்தால் போடுவார்கள். மூக்கு நோண்ட வேண்டியிருந்தால் நோண்டுவார்கள். அப்போது மெதுவாக ஒரு ஓரமாகப் போய் பிலிம் மாட்டிக்கொண்டு வருவார்.

“நம்ம மேல அவங்களுக்கு அலுப்பு வரணும் மைக்செட். அலுத்தாத்தான் அவங்க அவங்களா இருப்பாங்க” என்பார்.

மைக்செட் என்பது நான்தான். திருத்தணியில் மலைக்குப் போகிற பாதையில் எனக்கு ஒரு ரேடியோ ரிப்பேர் கடை இருந்தது. கல்யாணம், காதுகுத்து, கிருத்திகை என்றால் மைக்செட் வாடகைக்கு விடுவேன். எனக்கு அப்பா அம்மா வைத்த பெயர் ஒன்று உண்டு. அதை அவர் ஒருநாளும் உபயோகித்ததில்லை. நானும் இங்கே அவர் பெயரைச் சொல்லப்போவதில்லை. அதற்கு இது சரியாகப் போயிற்று.

அறுபதுகளின் கடைசியில் ஒரு மத்தியானம் டேப் ரிக்கார்டர் ஒன்றைத் தூக்கிக்கொண்டு கடைக்கு வந்தார். உள்ளே இருந்த பெல்ட் தளர்ந்து போயிருந்தது. சைக்கிள் டியூபில் ஒரு வளையம் அறுத்து மாட்டிவிட்டு, அவர் வைத்திருந்த டேப்பை ஓட்டிப் பார்த்தேன். யாரோ ஒரு கிழவி நாற்று நடுவதைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தாள்.

“இந்தம்மாவுக்கு இவ்ளோ வயசு இருக்காது சார். மிஷின் இன்னும் கொஞ்சம் மெதுவா ஓடிகினு இருக்குது” என்றேன்.

என் காதையே பார்த்துக்கொண்டு நின்றார். அடுத்த மாதத்திலிருந்து அந்த டேப் பெட்டி என் தோளில் ஏறியது. கேமராவில் பிலிம் இருக்கிறதா இல்லையா என்று அவர் எனக்குச் சொல்ல வேண்டியதே இல்லை. பிலிம் ஓடினால் அந்தக் கர்ருக்கு ஒரு கனம் வரும். வெறும் வயிற்றோடு ஓடினால் சத்தம் லேசாக, கொஞ்சம் அவசரமாக இருக்கும்.

என் மனைவிக்கு எங்கள் தொழில் கடைசிவரை பிடிபடவில்லை. “ஊர்ல இருக்கறவங்க சும்மா இருக்கறத ரெண்டு ஆம்பளைங்க போய்ப் பாத்துகினு இருக்கீங்க. இதுக்கு ஒரு ஆபீசு, அதுக்கு ஒரு சம்பளம்” என்பாள். யோசித்துப் பார்த்தால் எங்கள் வேலையை அவளைவிடச் சரியாக யாரும் சொன்னதில்லை.

அவர் எடுத்தவை எல்லாம் சின்னச் சின்னப் படங்கள். மதராஸில் ஒரு ஆபீஸ் அதற்கென்று இருந்தது. டூரிங் கொட்டாயில் பெரிய படத்துக்கு முன்னால் ஓட்டுவார்கள். அந்த நேரத்தில்தான் ஜனங்கள் பீடி குடிக்க வெளியே போவார்கள். அவரும் அவர்களோடு எழுந்து வெளியே போய் நிற்பார். “உங்க படம் ஓடுது சார்” என்று கையைப் பிடித்து இழுத்திருக்கிறேன். “அத நான் பாத்துட்டேன். இவங்க என்ன பேசறாங்கன்னு கேக்கறேன்” என்று பீடிப் புகைக்கு நடுவே நின்றுகொள்வார்.

அரக்கோணத்து ரயில்வே குவார்ட்டர்ஸில் வளர்ந்தவர். அப்பா வீட்டில் தெலுங்கு, அம்மா வீட்டில் தமிழ். “நீங்க தெலுங்கா, தமிழா?” என்று யாராவது கேட்டால் “அரக்கோணம்” என்பார். கேட்டவன் சிரிப்பதா முறைப்பதா என்று தெரியாமல் நிற்பான்.

அவரிடம் ஒரு பிடிவாதம் உண்டு. யாரையும், எதையும், இன்னொரு தரம் செய்யச் சொல்ல மாட்டார். மலைமேல் முடி இறக்கும் கொட்டகையில் ஒருநாள் ஒரு நடுவயது அம்மாள் மொட்டையடித்துக்கொள்ள உட்கார்ந்தாள். ஏதோ பெரிய வியாதியிலிருந்து பிழைத்து வந்தவளாம். பக்கத்தில் அவள் புருஷன் கைகட்டிக்கொண்டு விறைப்பாக நின்றான். முடி ஒரு கொத்து கீழே விழுந்ததும் குனிந்து, யாரும் பார்க்கிறார்களா என்று திரும்பிப் பார்த்து, நாலு இழையை எடுத்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டான். சரியாக அந்த நேரம் பார்த்துக் கேமராவில் சாவி இறங்கி நின்றுபோயிற்று. எனக்கு மனசு ஆறவில்லை.

“சார், கூப்ட்டு ஒரு வார்த்த சொன்னா அந்த ஆளு மறுபடி செய்வான் சார்.”

“அவரு அத ஒரு தரம்தான் செஞ்சாரு” என்றார். திருட்டுக்குத் துணை கேட்டவனைப் பார்ப்பதுபோல என்னைப் பார்த்தார்.

மதராஸிலிருந்து ஒரு அதிகாரி வந்து, நெசவாளர்கள் சிரித்த முகமாகப் பாடிக்கொண்டே நெய்வதுபோல எடுக்க வேண்டும் என்று சொன்ன கதையும் உண்டு. தறிக்குழியில் உட்கார்ந்திருந்த நெசவாளர் ஒருவர் நிமிர்ந்து, “பாடிகினு நெய்ஞ்சா இழை அறுந்த சத்தம் எப்படி சார் கேக்கும்?” என்றார். அதிகாரி முகம் சுண்டிப் போயிற்று. நம்முடைய ஆள் வெளியே வந்து, வேலியோரம் உட்கார்ந்து, கண்ணில் நீர் வரச் சிரித்தார். அவர் அப்படிச் சிரித்து நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

அவர் ரொம்ப ஆசைப்பட்டு எடுத்த படம் எல்லை மாறியதைப் பற்றியது. திருத்தணிப் பக்கமெல்லாம் ஆந்திராவிலிருந்து இந்தப் பக்கம் வந்த பிறகு, வீடு வீடாகப் போய் ஒரே கேள்வி கேட்டார். “நீங்க எந்த பாஷையில திட்டுவீங்க?” உங்கள் தாய்மொழி என்ன என்று கேட்டால் ஜனங்கள் யோசித்துப் பதில் சொல்வார்கள், இதற்கு யோசிக்க மாட்டார்கள் என்பது அவர் கட்சி. ஒரு அம்மாள் சொன்னாள்: “தெலுங்குல திட்டிகினா வூட்டுக்குள்ளயே முடிஞ்சிடும் சார். தமிழ்ல ஆரம்பிச்சா தெருவுக்கு வந்துடும்.” அந்த டேப்பை எத்தனை தரம் போட்டுக் கேட்டிருப்பேனோ தெரியாது.

ஆபீஸிலிருந்து கடிதம் வந்தது. இந்த ஜனங்கள் தமிழர்களா தெலுங்கர்களா என்று படத்தில் தெளிவாக இல்லை, திரையிடுவதற்கில்லை என்று எழுதியிருந்தார்கள். கடிதத்தை மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். “அவங்க அதே வூட்லதான் இருந்தாங்க மைக்செட். கோடுதான் அவங்க மேல ஏறி நடந்து போச்சு” என்றார். அன்றைக்குச் சாப்பிட வரவில்லை. அந்தப் பிலிம் பெட்டிகள் எந்த அலமாரியில் கிடந்து புளிப்பு வாடை அடித்து மக்கிப்போயினவோ.

இப்படிப்பட்டவர் எழுபதுகளின் நடுவில் எல்லாவற்றையும் ஒரேயடியாக விட்டுவிட்டார். பத்து வருஷம் கழித்து அரக்கோணத்தில் ஒரு சின்ன ஸ்டுடியோவில் அவரைப் பார்த்தேன். முகம் வற்றிப்போய், அடையாளமே மாறியிருந்தார். பரீட்சைக்கும் பாஸ்போர்ட்டுக்கும் போட்டோ எடுத்துக்கொண்டிருந்தார். “நேரா இங்க பாருங்க. அசையாதீங்க” என்று ஒரு பெண்ணிடம் சொல்லிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் டீ வாங்கிக் கொடுத்தார். பழைய பேச்சு எதையும் எடுக்கவில்லை. நானும் எடுக்கவில்லை. அடுத்த வருஷமே போய்ச் சேர்ந்துவிட்டார்.

ஏன் விட்டார் என்று கேட்பவர்கள் உண்டு. ஆபீஸோடு தகராறு என்பார்கள், குடி என்பார்கள். குடி அவருக்குக் கிடையாது. நடந்தது இதுதான். இதில் என் பங்கும் இருக்கிறது. அதனால்தான் இவ்வளவு நாள் சொல்லாமல் இருந்தேன்.

பள்ளிப்பட்டுக்குப் பக்கத்தில் ஒரு நெசவுத் தெரு. ஒரு வீட்டின் ஒரு வருஷத்தை அப்படியே எடுக்க வேண்டும் என்று அவருக்கு ஆசை. நாகம்மா, சுப்பராயன் என்று ஒரு தம்பதியின் வீட்டைப் பிடித்தோம். நாகம்மா தாய்மாமன் மகனைக் கட்டியவள். புருஷனை பாவா என்றுதான் கூப்பிடுவாள். முதல் இரண்டு பிள்ளைகளும் தவறிப்போய், மூன்றாவதாக ஒரு பெண் பிறந்தது. பிறந்ததும் குழந்தையைக் குப்பையில் புரட்டி, பக்கத்து வீட்டுக்காரியிடம் ஒரு பிடி தவிட்டுக்கு விற்று, மறுபடி வாங்கி, குப்பு என்று பெயர் வைத்திருந்தார்கள். இது யாருக்கும் வேண்டாத பிள்ளை என்று எமன் ஏமாந்து போவானாம். தலையில் கத்தி படாமல் வளர்த்துக்கொண்டிருந்தார்கள். ஐந்தாம் வயது ஆடிக் கிருத்திகைக்குத் திருத்தணியில் முடி இறக்குவதாக வேண்டுதல். நாங்கள் போனபோது குப்புவுக்கு நாலு முடிந்திருந்தது. இடுப்புவரை முடி.

நாகம்மா முதல் நாளே வாசலில் நின்று சொல்லிவிட்டாள்.

“எங்கள எவ்ளோ வேணா புடிச்சுக்கோங்க சார். முடி இறக்கற வரிக்கும் எம்பொண்ண அதுல புடிக்கக் கூடாது. கொரலையும் புடிக்கக் கூடாது. ஆயுசு கொறஞ்சிடும்.”

வேறு யாராவது என்றால் சரி என்று சொல்லிவிட்டு ஓரக்கண்ணால் எடுத்திருப்பார்கள். இவர் பிலிமைக் கழற்றினார். கேமராவின் கதவைத் திறந்து அவளிடம் நீட்டினார். “பாருங்கம்மா, வெறும் வயிறு. குழந்தை இருக்கறப்போ இப்படித்தான் இருக்கும். பிலிம் போட்டப்புறம் அது வந்துடுச்சுன்னா கீழ இறக்கிடுவேன்” என்றார். குப்பு எட்டி உள்ளே பார்த்தது. “உள்ள நான் இல்லியா?” என்று கேட்டது. நாகம்மா சிரித்துவிட்டாள்.

சொன்னதுபோலவே நடந்துகொண்டார். அந்தக் குழந்தை கேமராவைத் தன் சொத்து என்று நினைத்துக்கொண்டது. சாவியைத் திருகிக் கொடுப்பதே அதுதான். வெறும் கேமராவை அதன் முகத்துக்கு நேரே வைத்து அரைமணி நேரம்கூட ஓட்டியிருக்கிறார். பிலிம் இருக்கும்போது அதன் கொலுசுச் சத்தம் கேட்டாலே கை கீழே இறங்கிவிடும். ஒரு தடவை தறியில் உட்கார்ந்திருந்த நாகம்மாவின் கழுத்தைப் பின்னாலிருந்து கட்டிக்கொண்டு குப்பு தொங்கியது. தாயும் மகளும் ஒரே தாளத்தில் ஆடினார்கள். அப்படி ஒரு காட்சி ஆயுசுக்கு ஒருமுறைதான் கிடைக்கும். கர்ரென்ற கனமான சத்தம் சட்டென்று நின்றது எனக்குக் கேட்டது. நானும் டேப்பை நிறுத்தினேன். எனக்கு அவர்மேல் கோபம்கூட வந்தது.

ஆடிக் கிருத்திகைக்கு ஒரு மாதம் இருக்கும்போது நாங்கள் வேறு வேலையாக வாலாஜா பக்கம் போயிருந்தோம். திரும்பி வந்து பஸ்ஸை விட்டு இறங்கியதும் தெருமுனையிலேயே ஆண்கள் மறித்துக்கொண்டார்கள். தொண்டை அடைப்பான் வந்து, திருத்தணி ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியில் பஸ்ஸிலேயே குப்பு போய்விட்டிருந்தாள். பத்து நாளாகியிருந்தது.

“எம்பொண்ண நீ பொட்டியில புடிச்சுட்ட” என்று சுப்பராயன் அவர் சட்டையைப் பிடித்தான். “அதான் போயிட்டா.”

அவர் கையை விலக்கக்கூட இல்லை. “புடிக்கல சுப்பராயன்” என்று மட்டும் சொன்னார்.

கங்கையம்மன் கோயிலுக்கு இழுத்துக்கொண்டு போனார்கள். தரையில் கற்பூரம் ஏற்றினார்கள். அந்தக் குழந்தையை ஒரு தரம்கூட எடுக்கவில்லை என்று சொல்லி உள்ளங்கையால் அணைத்தார். நானும் அணைத்தேன். பொய் சத்தியமில்லை. கை சுட்டதே தவிர மனசு சுடவில்லை. கூட்டம் மெல்லக் கலைந்தது. சுப்பராயன் அங்கேயே உட்கார்ந்து அழுதான்.

நாங்கள் பஸ்ஸுக்கு நிற்கும்போது நாகம்மா தனியாக வந்தாள். அழுது முடித்த முகம். அவரிடம் நேராகக் கேட்டாள்.

“சத்தியம் கித்தியம் எல்லாம் ஆம்பளைங்களுக்கு சார். எனக்கு நெஜத்த சொல்லுங்க. ஒரு தரமாவது புடிச்சிருப்பீங்க இல்ல?”

“இல்லம்மா.”

“தெரியாத்தனமா? வேற எதையோ புடிக்கறப்போ ஓரமா வந்து வுழுந்திருப்பா.”

“இல்லம்மா. நான் ஜாக்கிரதையா இருந்தேன்.”

“நான் யார்கிட்டயும் சொல்லமாட்டேன் சார். மொகம் மறந்துகினே வருது. கண்ண மூடினா முடி தெரியுது, பாவாட தெரியுது, மொகம் வரமாட்டேங்குது. ஒரு வாட்டி பாத்தா போதும்.”

அவர் தலையை ஆட்டினார். இல்லை என்பதற்கான ஆட்டல்.

“நீங்க நல்லவருதான் சார். அவ்ளோ நல்லவரா இருந்திருக்க வேணாம்” என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

மதராஸிலிருந்து கழுவி வந்திருந்த அத்தனை பிலிமையும் என் கடைக்குக் கொண்டுவந்தார். வாசல் வெளிச்சத்தில் ஒவ்வொரு சுருளாக விரித்து, கண்ணில் லென்ஸை வைத்துக்கொண்டு ஒரு வாரம் பார்த்தார். ஒரு கை, ஒரு நிழல், முடியின் ஒரு நுனி எங்காவது இருக்காதா என்று தேடினார். ஒரு இடத்தில் நாகம்மா தறியில் ஓட்டுகிற நாடாக் கட்டையைக் கையில் வைத்துக்கொண்டு யாரையோ பார்த்து வாய்விட்டுச் சிரிக்கிறாள். யாரை என்று எங்கள் இருவருக்கும் தெரியும். அந்த யாரோ படத்துக்கு ஒரு முழம் வெளியே நிற்கிறாள். அந்த இடத்திலேயே அவர் உட்கார்ந்துவிட்டார். தன் கண்ணியத்தின்மேலேயே ஒரு மனுஷன் காறித் துப்புவதை அன்றைக்குத்தான் பார்த்தேன். “ஒரு முழம் மைக்செட், ஒரே ஒரு முழம்” என்று சொல்லிக்கொண்டே இருந்தார்.

ஆவணி வாக்கில் அவரைத் தேடிக்கொண்டு சுப்பராயன் என் கடைக்கு வந்தான். சட்டையைப் பிடித்தவன் இப்போது அவர் காலில் விழப் பார்த்தான்.

“சோறு துன்னமாட்டேங்கறா சார். தறியில ஒக்காந்தா கை ஓடமாட்டேங்குது. எங்க அண்ணன் பொண்ணு லட்சுமி இருக்குது. அதே ஒயரம், அதே முடி. குப்பு பாவாடைய கட்டி, பின்னாலருந்து நடக்கற மாதிரி கொஞ்சம் புடிச்சு, குப்புன்னு காட்டிடுங்க சார். மொகம் தெரியாட்டி இன்னா, அவ நம்பிப்பா.”

அவர் முடியாது என்றார். அடுத்த வாரமும் வந்தான். அப்போதும் முடியாது என்றார். அவன் போன பிறகு நான்தான் வாயைத் திறந்தேன். “ஒரு பொம்பள செத்துகினு இருக்கா சார். உங்க கொள்கைய கொஞ்சம் ஓரமா வெச்சா இன்னா? ஒரு தரம்தான?” என்றேன். கொஞ்சம் உரக்கவே சொன்னேன். அவர் என் முகத்தைப் பார்க்கவில்லை. மூன்றாம் முறை சுப்பராயன் வந்தபோது சரி என்றார்.

நாகம்மாவை அம்மா வீட்டுக்கு அனுப்பிவிட்டு, ஒரு காலையில் கால்வாய்க் கரையில் எடுத்தோம். சுப்பராயன் தகரப் பெட்டியிலிருந்து குப்புவின் பச்சைப் பாவாடையை எடுத்து வந்திருந்தான். லட்சுமியின் அம்மாவுக்குத் தெரியாமல்தான் எல்லாம். செத்த பிள்ளையின் துணியை உயிரோடு இருக்கிற பிள்ளைக்குக் கட்டுவதை எந்தத் தாய் ஒப்புவாள்? லட்சுமி மட்டும் குஷியாக இருந்தது. எனக்கு டேப் வேலை இல்லை. சும்மா நின்றேன்.

லட்சுமி கரையோடு நடந்து போனது. நன்றாகத்தான் இருந்தது. அவர் கேமராவைக் கண்ணிலிருந்து எடுக்காமல் சொன்னார்.

“இன்னொரு தரம் நட கண்ணு.”

அவர் வாயிலிருந்து அந்த வார்த்தையை அதுவரை நான் கேட்டதில்லை. லட்சுமி இன்னொரு தரம் நடந்தது. “கொஞ்சம் மெதுவா. இன்னொரு தரம்” என்றார். மூன்றாவது தரம் நடக்கும்போது கால் வழுக்கிச் சேற்றில் விழுந்தது. பாவாடை முழுக்கச் சேறு. அவர் ஓடிப்போய்த் தூக்கினார். சுப்பராயனிடம், “இப்படியே கொண்டுபோய் வெச்சுடாதீங்க. நல்லா தொவைச்சு, காயவெச்சு, எடுத்த எடத்துலயே வெச்சுடுங்க” என்றார். பொறுப்பான மனுஷன் இல்லையா? சுப்பராயன் கால்வாயிலேயே சவுக்காரம் போட்டுத் துவைத்துப் பிழிந்தான்.

பிலிம் கழுவி வர மூன்று வாரம் ஆயிற்று. ஒரு மத்தியானம் தறிவீட்டு ஜன்னல்களைச் சாக்கால் மறைத்து, ஒரு வேட்டியைச் சுவரில் தொங்கவிட்டோம். பக்கத்து வீட்டுப் பவர்லூமிலிருந்து நான் ஒயர் இழுத்தேன். நாகம்மாவைக் கூட்டிவந்து உட்காரவைத்தான் சுப்பராயன். “தேடிகினே இருந்தாராம். ஒண்ணு கெடச்சுதாம், பின்பக்கமா” என்று அவளிடம் சொன்னான். அவள் அவரைப் பார்த்துக் கும்பிட்டாள். அவர் புரொஜெக்டருக்குப் பின்னால் போய் நின்றுகொண்டார்.

ஒரு நிமிஷம்கூட இல்லாத படம். பச்சைப் பாவாடை, இடுப்புவரை முடி, கால்வாய்க் கரை. சுப்பராயன் படத்தைப் பார்க்கவில்லை, அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். முடிந்ததும் நாகம்மா, “மறுபடி போடுங்க சார்” என்றாள். போட்டோம். அவள் எழுந்து வேட்டிக்குப் பக்கத்தில் போய் நின்றாள். “மறுபடி” என்றாள். மூன்றாம் தரம் ஓடி முடிந்தது. ஒரு சாக்கை அவளே விலக்கிவிட்டாள். வெயில் உள்ளே விழுந்தது.

“லட்சுமி நல்லா நடக்கறா” என்றாள்.

நான் குனிந்து புரொஜெக்டரின் ஒயரைப் பிடுங்கினேன்.

“குப்பு இப்படி நேரா நடக்கமாட்டா சார். ரெண்டு அடி வெச்சா திரும்பிப் பாப்பா, நான் இருக்கறனான்னு.”

கோபமாகச் சொல்லவில்லை. சமாதானம் சொல்வதுபோலத்தான் சொன்னாள். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. பிறகு புருஷன் பக்கம் திரும்பினாள்.

“பாவா, அது குப்பு பாவாடதான?”

“ஆங்” என்றான் சுப்பராயன், தரையைப் பார்த்தபடி.

“தொவைச்சியா?”

புரொஜெக்டருக்குப் பின்னாலிருந்து அவர்தான் சொன்னார்.

“நான்தாம்மா தொவைக்கச் சொன்னேன். சேறாயிடுச்சு.”

நாகம்மா மெதுவாகத் தலையை ஆட்டினாள். எதையோ விளங்கிக்கொண்டதுபோல இருந்தது.

“அத தொவைக்காம வெச்சிருந்தேன் சார். மொகம் வராட்டியும், எடுத்து மோந்து பாத்தா பக்கத்துல வந்துடுவா. அம்மா வூட்டுலருந்து வந்து பொட்டியத் தொறந்தா, வெறும் சவுக்காரம்தான் வருது. மூணு வாரமா தெனம் தொறந்து பாக்கறேன். மொகம் போன மாதிரியே இதுவும் போயிடுச்சு, பெத்தவ எனக்கே எம்பொண்ணு வாசன மறந்துபோச்சுன்னு நெனச்சு அழுதுகினு இருந்தேன்.”

அவரை நிமிர்ந்து பார்த்தாள்.

“அப்போ நான் மறக்கல” என்றாள்.